முகவதிகாரம்: ஸ்கைரிமில் முகம் நிறுவுதல் குறித்த சில நூற்பாக்களும் அவற்றை விஞ்சிய உரையும்

இப்பொருள் குறித்துத் தமிழில் இதுவரை முறையான ஆய்வு எதுவும் வெளிவரவில்லை. ஆய்வேடுகள் எல்லாம் இந்த வாக்கியத்தில்தான் தொடங்குகின்றன. இந்த ஒன்றில் அது உண்மையாகவும் இருக்கக்கூடும் என்பது இதன் தனிச்சிறப்பு.

ஆய்வுக்களம் ஸ்கைரிம். ‘தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்’ வரிசையின் ஐந்தாம் ஆட்டம். பெதஸ்டா நிறுவனத்தார் 2011 நவம்பர் 11 அன்று வெளியிட்டார்கள். நாளும் மாதமும் ஆண்டும் பதினொன்றாக வரும்படி பார்த்திருக்கிறார்கள். நல்ல நாள் பார்க்கும் வழக்கம் அமெரிக்காவின் மேரிலாந்து வரை பரவியிருந்தது என்பது இதனால் பெறப்படும். டிராகன்கள் திரும்பி வந்துவிட்ட குளிர்நாடு ஒன்றை ஆட்டக்காரர் காப்பாற்ற வேண்டும் என்பது கதை. கதைக்கும் இவ்வாய்வுக்கும் தொடர்பில்லை. நாம் புகுவது கதை தொடங்குமுன் வரும் ஒரு நிறுத்தத்தில்.

தொடக்கத்தில் நாயகன் கைகள் கட்டப்பட்டுக் குதிரை வண்டியில் போகிறான். கூட இருப்பவர்கள் ஒரு கலகத் தலைவன், அவனுடைய ஆள் ஒருவன், ஒரு குதிரைத் திருடன். வண்டி ஹெல்கன் என்ற ஊரில் நிற்கிறது. கொலைக்களத்தில் கட்டை தயார், கோடரியோடு ஆளும் தயார். பட்டியல் வைத்திருக்கும் படைவீரன் நம்மைப் பார்த்து, நீ யார் என்கிறான். அந்தக் கேள்விக்கு விடையாகத்தான் முகம் அமைக்கும் திரை திறக்கிறது. இனம், நிறம், மூக்கின் நீளம், தாடையின் அகலம், கன்னத்துத் தழும்பு என ஒவ்வொன்றாகத் தேர்ந்தெடுக்கலாம். அதுவரை கோடரிக்காரன் காத்திருக்கிறான். சில வீடுகளில் ஞாயிற்றுக்கிழமை முழுவதும் காத்திருக்கிறான். வெட்டப்போகும் தலைக்கு இத்தனை அலங்காரம் வேறெங்கும் இல்லை என்று எழுதத்தான் நினைத்தேன். கோயில் கெடாவுக்கு மாலை போட்டு மஞ்சள் தண்ணீர் தெளிப்பது நினைவுக்கு வந்ததால் விட்டுவிட்டேன்.

(வண்டி பற்றி ஓர் இடைக்குறிப்பு. ஆட்டத்தை உருவாக்கியவர்களில் ஒருவரான நேட் பர்க்கிபைல் 2021இல் சொன்னது இது. உருவாக்கத்தின்போது இந்த வண்டி சில சமயம் காரணமின்றி வானத்தில் பறந்ததாம். தேடிப் பார்த்ததில் குற்றவாளி ஒரு தேனீ. மருந்து காய்ச்சத் தேனீயைப் பிடிக்க முடிய வேண்டும் என்று ஒரு பிழையைத் திருத்தியிருக்கிறார்கள். அத்திருத்தத்தால் தேனீ யாராலும் அசைக்க முடியாத பொருளாகிவிட்டது. அதன் மேல் மோதிய வண்டி ராக்கெட்டாகிவிட்டது. அடிக்குறிப்பு ஒன்றைத் திருத்தப்போய் ஆய்வேடே கவிழ்ந்ததைக் கண்டவர்களுக்கு இது வியப்பளிக்காது.)

ஆய்வின் நோக்கம்: பதவி உயர்வு.

கருதுகோள்: முடிவுரையில் எது வருகிறதோ அது.

ஆய்வு எல்லை: ஆட்டத்தில் உள்ள பத்து இனங்களுள் பல்லி முகத்து ஆர்கோனியரும் பூனை முகத்து காஜித்தும் விலக்கப்படுகின்றனர். மீசை பற்றிய பொதுவிதிகள் பூனைக்குப் பொருந்தா.

ஆய்வு முறை: விளக்கமுறை, பகுப்பாய்வு முறை, ஒப்பீட்டு முறை. மூன்றுக்கும் வேறுபாடு இல்லாமையின் மூன்றும் கையாளப்பட்டன.

இனி நூற்பாக்கள். இவை யாருடையவை என்று கேட்பார்க்கு, முந்து நூலார் உடையவை என்க. முந்து நூல் எங்கே என்று கேட்பார்க்கு, அது பின்னர்க் கூறப்படும்.

முதல் நூற்பா

முகமெனப் படுவது முகமன்று, கோப்பே.
கோப்பெனப் படுவது குறிப்பின் தொகையே.

இந்நூற்பா என்னுதலிற்றோ எனின், பிரீசெட் என்பதன் தன்மை உணர்த்துதல் நுதலிற்று.

ஆட்டத்தோடு வரும் முகத்திரை ஏழையானது. அதைக் கொண்டு எவ்வளவு முயன்றாலும் பல நாள் தூங்காத ஒரு குளிர்நாட்டு முகம்தான் வரும். எனவே ரேஸ்மெனு என்ற மாட் எழுந்தது. (மாட் என்பது ஆட்டக்காரர்கள் தாமே செய்து ஆட்டத்தில் சேர்க்கும் மாற்றம்.) அது பழைய திரையை எடுத்துவிட்டுத் தன் திரையை வைக்கிறது. இழுத்து நகர்த்தும் பட்டைகளைப் பன்மடங்காக்குகிறது. களிமண்போல் முகத்தைப் பிடித்துப் பிசையவும் விடுகிறது. பிசைந்து முடித்த முகத்தைக் கோப்பாகச் சேமித்துப் பிறருக்குக் கொடுக்கலாம். அந்தக் கோப்புதான் பிரீசெட். பிசையப் பொறுமையில்லாதவர்கள் அதைப் பதிவிறக்கி, ஆட்டத்துக்குள் இனத்தையும் பாலையும் சரியாகத் தேர்ந்துகொண்டு, ஏற்று என்று ஒரு பொத்தானை அழுத்தினால் போதும் என்பது கொள்கை.

கொள்கை அழகானது. ஆனால் ஜேஸ்லாட் என்னும் அந்தக் கோப்பை நோட்பேடில் திறந்து பார்த்தவர்கள் அறிவார்கள்: அதற்குள் முகம் இல்லை. உடல் எடைக்கு ஓர் எண், முடியின் நிறத்துக்கு ஓர் எண், மூக்குப் பட்டை இவ்வளவு, உதட்டுப் பட்டை இவ்வளவு, கூந்தல் இன்ன மாடில் உள்ள இன்ன எண்ணுடையது, கண் வேறொரு மாடில் உள்ளது. இவ்வளவே. கூந்தலைக் கோப்பு சுமந்து வருவதில்லை. கூந்தல் இருக்கும் வீட்டின் முகவரியைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறது. அந்த வீடு நம் தெருவில் இல்லையென்றால் தலை மொட்டை.

ஆகவே பிரீசெட் என்பது நூற்பா. அது சார்ந்திருக்கும் மாட்கள் உரை. உரையில்லாமல் நூற்பாவைப் படித்தவர் அடையும் நிலையையே, மாட் இல்லாமல் பிரீசெட் ஏற்றியவரும் அடைகிறார். படத்தில் பார்த்தது இடுப்பளவு கருங்கூந்தலும் மீன் போன்ற கண்ணும் உடைய தேவமகள். திரையில் வந்தது வழுக்கைத் தலையோடு வெறிக்கும் ஒருத்தி. உருவம் இருந்து அதன் மேற்படம் மட்டும் விட்டுப்போயிருந்தால், கூந்தல் கத்தரிப்பூ நிறத்தில் ஒளிரும். இந்த ஆட்டத்தில் கத்தரிப்பூ நிறம் என்பது ‘இங்கே ஏதோ இருக்க வேண்டும்’ என்பதன் குறியீடு. சுவடிப் பதிப்பாசிரியர்கள் சிதைந்த இடத்தில் புள்ளி வைப்பார்கள். இவர்கள் கத்தரிப்பூ வைக்கிறார்கள். ஒரு வேறுபாடு உண்டு. புள்ளி வைத்த இடத்தை அடுத்த பதிப்பாளர் தம் கற்பனையால் நிரப்பிவிடுவார். கத்தரிப்பூவை யாராலும் அப்படிக் கடந்துபோக முடியாது.

இரண்டாம் நூற்பா

டேட்டா எஸ்கேஎஸ்ஈ பிளகின்ஸ் சார்ஜென்
பிரீசெட்ஸ் என்றிவ் வைந்தும் தம்முள்
நிரல்பிறழ்ந் திடாமை நெறியென மொழிப.

ஒன்றுக்குள் ஒன்றாக அமைந்த ஐந்து கோப்புறைகளின் பெயர்கள் இவை. பிரீசெட் கோப்பு ஐந்தாவதன் உள்ளே இருக்க வேண்டும். பலர் கைக்கு அது நான்காவதில் விழுகிறது. இன்னும் பலர் கைக்கு டேட்டாவுக்குள்ளே இன்னொரு டேட்டா முளைத்து அதற்குள் போய் உட்கார்ந்துகொள்கிறது. அப்போது ஆட்டத்துக்குள் பட்டியல் காலியாக நிற்கும். பிழைச்செய்தி எதுவும் வராது. மௌனமும் ஒரு பாடம் என்பர்.

ஐந்து என்ற எண்ணைக் கண்டபின் திணையோடு பொருத்திப் பார்க்காமல் விடுவது தமிழாய்வு மரபன்று. டேட்டாவை முல்லையாகவும் எஸ்கேஎஸ்ஈயைக் குறிஞ்சியாகவும் கொண்டு பொருத்திப் பார்த்தேன். பொருந்தவில்லை. பொருந்தாததைப் பொருத்துவதற்குத்தான் அதிகப் பக்கங்கள் தேவைப்படுகின்றன. இடமின்மையால் அவை இங்குத் தவிர்க்கப்பட்டன. தனி நூலாக வரும்.

கோப்பைக் கையால் வைக்காமல் மேலாளர் மென்பொருள் வழியாக வைப்போர் இரு சமயத்தார். மாட் ஆர்கனைசர் சமயத்தார் மாயாவாதிகள். அவர்களுடைய மாட்கள் டேட்டா கோப்புறையில் உண்மையில் இருப்பதில்லை. ஆட்டம் ஓடும்வரை இருப்பதுபோல் தோற்றம் காட்டப்படும். ஆட்டத்தை மூடியதும் தோற்றம் மறையும். கோப்புறை பழையபடி நிர்மலமாக நிற்கும். வோர்டெக்ஸ் சமயத்தார் அதை ஒப்புவதில்லை. அவர்கள் ஒரே கோப்பு இரண்டு இடத்தில் இருப்பதாகக் காட்டும் இணைப்புகளை டேட்டாவிலேயே இட்டுவைக்கிறார்கள். உலகமும் உண்மை, அதற்கு மூலமும் உண்மை என்பது அவர்கள் வாதம். மாயாவாதிகள் ஆட்டத்துக்குள்ளேயே செய்து சேமித்த பிரீசெட்கள் மட்டும் எந்த மாடுக்கும் உரிமையில்லாமல் ‘ஓவர்ரைட்’ என்ற கோப்புறையில் போய் விழும். வினைப்பயன் சேரும் இடம் அது. அவ்வப்போது அள்ளிப் போடாவிட்டால் மறுபிறவி உண்டு.

இனி எஸ்கேஎஸ்ஈ. இது ஆட்டத்தின் திறனை விரிக்கும் ஒரு துணைக்கருவி. இது இன்றி ரேஸ்மெனு இயங்காது. இதற்கு ஒரு பிடிவாதம் உண்டு. ஆட்டத்தின் பதிப்பெண் எதுவோ, இதுவும் அப்பதிப்புக்கே செய்யப்பட்டதாக இருக்க வேண்டும். ஆட்டம் ஒரு புள்ளி முன்னே நகர்ந்தால் எல்லாம் நின்றுவிடும். ஆட்டமோ நிற்பதாகத் தெரியவில்லை. 2016 அக்டோபரில் 64 பிட் சிறப்புப் பதிப்பு வந்தது. அது, ஆட்டம் முதலில் வெளிவந்து சரியாகப் பத்தாண்டு நிறைவில், 2021 நவம்பர் 11இல், ஆண்டுவிழாப் பதிப்பாயிற்று. 2023 டிசம்பரில் மறுபடி ஒரு மாற்றம். ஒவ்வொரு மாற்றத்தின்போதும் முகங்கள் ஒரே இரவில் பழைய குளிர்நாட்டு முகங்களாயின. இதைத் தாங்காத ஒரு பிரிவினர் 1.5.97 என்ற பதிப்போடு நின்றுவிட்டனர். அதற்குப் பின் வந்தவை இடைச்செருகல், 1.5.97 பாடமே மூலபாடம் என்பது அவர்கள் துணிபு. ஆட்டத்தை விற்ற ஸ்டீம் தளம் தானாகப் புதுப்பித்துவிடாதபடி கதவைத் தாழிட்டுவிட்டு, எஸ்கேஎஸ்ஈயின் வழியாகவே புறக்கடையில் நுழைந்து ஆடுகிறார்கள். மூலபாட ஆய்வாளர்களில் இவ்வளவு உறுதியானவர்களை நான் ஏட்டுச்சுவடித் துறையிலும் கண்டதில்லை.

மூன்றாம் நூற்பா

கேசம் முதலாப் பாதம் ஈறா
மாட்டிய மாடின் வழிப்படும் வனப்பே.

தலைவியின் அழகை முடியிலிருந்து அடிவரை பாடுவது கேசாதிபாதம். நம் துறையும் அவ்வாறே செல்லும்.

கூந்தல்: கேஎஸ் ஹேர்டூஸ் என்னும் தொகையே பல பிரீசெட்களுக்கு மூலம். காற்றுக்கு அசையாத கூந்தலை அசையவைக்கத் தனி மாட்கள் உள. அசைவதால் முகத்துக்குள் புகும். புகுந்ததை எடுக்க வேறு மாட் வேண்டும்.

புருவம்: உண்டு.

கண்: ‘தி ஐஸ் ஆஃப் பியூட்டி’ என்னும் தொகை. அதில் எந்தக் கண்ணைத் தேர்ந்தாலும் இருட்டில் ஒன்றுதான்.

பல்: ஆய்வாளர் எவரும் வாயைத் திறக்கவில்லை.

தலை: இங்கே சற்று நிற்க வேண்டும். தலை என்பது முக்கோணங்களால் ஆன கூடு. அதன் முனைகளைத் தனித்தனியே இழுத்துத்தான் செதுக்குகிறார்கள். ஆட்டத்தின் சொந்தத் தலைக்கு முனைகள் குறைவு. அதனால் தாடை கோணலாகத் தெரியும். ஹைபாலி ஹெட் என்னும் மாட் முனைகளைப் பெருக்கி வழுவழுப்பாக்குகிறது. அதில் செதுக்கியதை ஆட்டத்தின் பழைய தலையில் ஏற்ற முடியாது. இந்த முனையை அங்கே நகர்த்து என்று கோப்பு சொல்லும், அந்த முனையே அங்கே இராது. இல்லாத சொல்லுக்கு இலக்கணக் குறிப்பு எழுதுவது போன்ற இந்த நிலை நம் தேர்வுத் தாள்களில் ஆண்டுதோறும் நிகழ்வது என்பதால் மேலும் விளக்கவில்லை.

மார்பும் இடையும்: இவை பற்றிய மாட்களுக்குப் பஞ்சமில்லை. இப்பகுதி ஆய்வு நெறியாளரிடம் ஒப்படைக்கப்பட்டு இன்னும் திரும்பி வரவில்லை.

பாதம்: காலணிக்குள் உளது.

நான்காம் நூற்பா

தலைவேறு உடல்வேறு ஆகலின் கழுத்தில்
கோடு தோன்றல் குற்றம் அன்றே;
கோடின்று என்னும் கூற்றே குற்றம்.

இவ்வதிகாரத்தின் உயிர்நிலை இது. படிப்பவர் தண்ணீர் குடித்துவிட்டு வரலாம்.

ஸ்கைரிமில் மனித உடல் ஒரே வார்ப்பு அன்று. தலை ஒரு துண்டு, உடல் ஒரு துண்டு, கைகள் ஒரு துண்டு, பாதங்கள் ஒரு துண்டு. தலைக்கும் உடலுக்கும் தனித்தனித் தோற்படம். தலையும் உடலும் சந்திக்கும் இடம் கழுத்து. இரண்டு தோலும் ஒரே மாடிலிருந்து வந்தால் சந்திப்பு சுமுகமாக முடியும். ஆனால் நாம் முகத்துக்கு ஒரு தோலும் உடலுக்கு வேறொரு தோலும் ஆசைப்பட்டு நிறுவியிருப்போம். பின்னால் நிறுவியது முன்னதின் மேல் எழுதிவிடும். எது எதன் மேல் எழுதியது என்பது மறந்திருக்கும். விளைவு: முகம் சந்தனம், உடல் சுண்ணாம்பு, நடுவே கயிறு கட்டி இழுத்ததுபோல் ஒரு கோடு.

நிறம் மட்டுமன்று. உடல் எடைக்கு ஒரு பட்டை உண்டு: 0 என்றால் ஒல்லி, 100 என்றால் பருமன். உடலின் கழுத்து விளிம்பு ஒவ்வோர் எடையிலும் தலையின் விளிம்போடு பொருந்த வேண்டும். பாடிஸ்லைடு என்ற கருவியில் உடலை வடித்தவர் இரண்டு எல்லைக்கும் ஒருசேர வடிக்காவிட்டால் கழுத்தில் நிறக்கோட்டுக்குப் பதில் இடைவெளியே விழும். அதன் வழியே பின்னாலிருக்கும் பனிமலை தெரியும். இயற்கைக்காட்சிக்குப் பெயர்பெற்ற ஆட்டம்.

இக்கோட்டைப் பற்றி அறிஞர் கொள்கைகள் பல. மிகப் பழைய கொள்கை பயன்பாட்டுக் கொள்கை. ஹெல்கனில் கோடரிக்காரன் எங்கே வெட்ட வேண்டும் என்று தடுமாறாமல் இருக்கவே கழுத்தில் கோடு போடப்பட்டது என்பது அது. இதனை மறுத்த பின்வந்தோர், கோடரி ஓங்கியபோது ஆல்டுவின் என்ற டிராகன் வந்து வெட்டைத் தடுத்துவிடுகிறதே, பயன்படாத கோட்டுக்குப் பயன் கூறல் மிகைபடக் கூறல் என்றனர். இவர்களை மறுத்தவர்கள், வெட்டு நிகழாமை வெட்டும் இடம் குறிக்கப்படாமைக்குச் சான்றாகாது என்றனர். மறுப்புக்கு மறுப்பு எழுதியவர்கள் இன்றும் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். அவர்களுக்கு நிதிநல்கை உண்டு.

அடுத்து கட்சிகள். தலையின் தோலை மாற்றி உடலோடு சேர்க்க வேண்டும் என்பது உடற்கட்சி. உடலின் தோலை மாற்றித் தலையோடு சேர்க்க வேண்டும் என்பது தலைக்கட்சி. பெயர்கள் தலைகீழாக இருப்பதாகப் படிப்பவர் நினைத்தால், அவர் இத்துறைக்குப் புதியவர். தலைக்கட்சியினர் தமக்கு ஆதரவாக நச்சினார்க்கினியரை இழுத்துக்கொள்கிறார்கள். முல்லைப்பாட்டின் 103 அடிகளில் எங்கோ கிடக்கும் தொடரை எங்கோ கிடக்கும் தொடரோடு அவர் கொண்டுகூட்டியது போல, ஒரு மாடின் தலையை இன்னொரு மாடின் உடலோடு கூட்டலாம் என்பது அவர்கள் வாதம். உடற்கட்சியினர் மறைமலையடிகளைக் கூப்பிடுகிறார்கள். பாட்டின் இயல்பான ஓட்டத்தைக் குலைத்து அப்படிக் கூட்டுவது தகாது என்று அவர் முல்லைப்பாட்டு ஆராய்ச்சியில் மறுத்திருக்கிறார் அல்லவா? கழுத்துக்கும் அதுவே விதி. இருபெரும் புலவர்களும் இந்த வழக்கில் தங்களைச் சாட்சி சொல்ல அழைப்பார்கள் என்று எதிர்பார்த்திருக்க மாட்டார்கள். ஆனால் மேற்கோளாக ஆனபின் யாரும் யாருக்கும் மறுக்க முடியாது.

மூன்றாவது, மறைப்புக் கட்சி. கோட்டை நீக்காதே, மறை என்பது இவர்கள் சூத்திரம். உயர்ந்த கழுத்துப்பட்டை உள்ள கவசம், கம்பளி, தடித்த கழுத்தணி, முன்புறம் வழியும் கூந்தல் எல்லாம் இவர்களுடைய கருவிகள். பல்கலைக்கழகங்களில் செல்வாக்குப் பெற்றது இக்கட்சிதான். இரண்டு பழைய ஆய்வேடுகளை ஒட்டிப் புதிய ஒன்றைச் செய்யும்போது, ஒட்டிய இடத்தில் நடை மாறுவது தெரியும். அவ்விடத்தில் நீளமான அடிக்குறிப்பு ஒன்றைச் சுற்றிவிட்டால் புறத்தேர்வாளர் கண்ணில் படாது. நானறிந்த வரையில் பட்டதும் இல்லை.

முந்து நூல் எங்கே என்ற வினாவுக்கு இப்போது விடை கூறலாம். ஸ்கைரிம் நாட்டின் வடகிழக்கில் விண்டர்ஹோல்ட் என்ற ஊரில் மந்திரக் கல்லூரி ஒன்று உண்டு. அதன் நூலகம் ஆர்க்கேனியம். நூலகர் ஊராக் குரோ ஷுப் என்ற ஓர்க். நூலகத்தில் ஒழுங்கு தவறுபவரை என்ன செய்வார் என்பதை அவர் முதல் சந்திப்பிலேயே தெரிவித்துவிடுகிறார். அவரைப் போன்ற ஒருவர் நம் நூலகங்களுக்கும் வேண்டும் என்பது என் ஆசை. கழுத்துக்கோடு பற்றிய பெருநூல் ஒன்று அங்கே மூன்றாவது அலமாரியின் கீழ்த்தட்டில் இருந்தது. நான் தேடியபோது இல்லை. இல்லாமையே அதன் தொன்மைக்கு முதற்சான்று. அதன் உரையாசிரியர் ஒருவர், அவரை மறுத்த இன்னொருவர், இம்மறுப்பை மறுக்காமல் ‘நன்று’ என்று மட்டும் ஓரத்தில் எழுதிய மூன்றாமவர் ஆகிய மூவரின் கூற்றுகளையும் ஒருசேர மேற்கோள் காட்டிய நான்காமவர் ஒருவர் இருந்திருக்க வேண்டும். அந்நால்வரின் படியைப் பார்த்து எழுதிய ஐந்தாமவர் படியில் நம் நூற்பா நாற்பத்தேழாவதாக வருகிறது. ‘கோடு’ என்பதற்கு ‘கொம்பு’ என்று இவ்வைந்தாமவர் பொருள் கொண்டதால், கழுத்தில் கொம்பு முளைத்தவர்கள் பற்றிய தனி ஆய்வுமரபு ஒன்று கிளைத்தது. அந்த மரபினர் நடத்தும் பன்னாட்டுக் கருத்தரங்கில் கட்டுரை வாசிக்கப் பதிவுக்கட்டணம் உண்டு. மதிய உணவும் சான்றிதழும் உண்டு. கேட்பவர் இல்லை.

விண்டர்ஹோல்ட் நகரின் பெரும்பகுதி முன்பொரு காலத்தில் கடலுக்குள் சரிந்து போனது என்பதையும் இங்குக் குறிப்பிட வேண்டும். அது ஆட்டத்திலேயே உள்ள செய்தி. நான் செய்தது அன்று. கடல்கொண்ட ஊர் ஒன்று கிடைத்துவிட்டால் ஆய்வாளனுக்கு எந்த நூலும் கிடைக்காமல் போவதில்லை. இந்த வசதி தமிழாய்வாளர்க்கு நெடுங்காலமாக இருந்துவருவதால், ஸ்கைரிம் ஆய்வும் அந்தத் தரத்தை எட்டிவிட்டது என்று துணியலாம்.

ஐந்தாம் நூற்பா

படத்திற் கண்டது பகலொளி யன்றே.

பிரீசெட்டோடு தரப்படும் படங்கள் ஈஎன்பி என்ற ஒளியமைப்பின் கீழ், வேண்டிய பக்கத்தில் விளக்கு வைத்து, வேண்டாத பக்கத்தில் நிழல் விழுத்தி எடுக்கப்பட்டவை. நம் கணினியில் அதே முகம் ஹெல்கனின் மேகமூட்டத்தில் நிற்கும்போது வேறு ஆளாகத் தெரியும். பெண் பார்க்கும் படலத்தில் நெடுங்காலமாக அறியப்பட்ட உண்மை என்பதால் இதற்கு உரை வேண்டா.

ஆறாம் நூற்பா

அகத்திற் கைதோன்றும்; புறத்தின் முதுகே;
முகத்தைக் காண்பார் மூவுலகும் இலரே.

ஸ்கைரிமை இரண்டு பார்வைகளில் ஆடலாம். நாயகனின் கண் வழியாகவே உலகைக் காண்பது ஒன்று. இதை அகம் என்க. நாயகனைப் பின்னாலிருந்து பார்ப்பது மற்றொன்று, இது புறம். அகத்தில் நமக்குத் தெரிவது நம் இரு கைகள் மட்டுமே. புறத்தில் தெரிவது முதுகும் பின்னந்தலையும். ஆட்டத்தோடு வரும் ஊர்களில் முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்றுகூட இல்லை. வழியில் சந்திக்கும் காவலர்கள் நம் இனத்தைப் பற்றியும் நாம் கையில் வைத்திருப்பதைப் பற்றியும் பேசுவார்கள். நம் மூக்கைப் பற்றி ஒருவரும் பேசுவதில்லை. எதுவும் செய்யாமல் வெகுநேரம் சும்மா நின்றால் பார்வை தானாக நாயகனைச் சுற்றி வரும். அப்போது முகம் தெரியும். ஆக, நாட்டைக் காப்பாற்றும் வேலையை முற்றிலும் நிறுத்தினால்தான் காப்பாற்றுபவரின் முகம் தெரிகிறது.

இதுவும் வெறுந்தலையோடு நடந்தால்தான். யாரும் வெறுந்தலையோடு நடப்பதில்லை. தலைக்கவசத்துக்குக் காப்பு மதிப்பு உண்டு. டிராகன் பூசாரிகளைக் கொன்று எடுக்கும் முகமூடிகளுக்கு மந்திர மதிப்பும் உண்டு. முகமூடி அணிந்தவுடன் கூந்தல் மறைந்துவிடும், கண் மறைந்துவிடும், புருவம், தழும்பு, மூக்கு எல்லாம் மறைந்துவிடும். மாட்களை அடுக்கிய வரிசையில் இடம் போதாமல், முழு அளவுச் செருகிகளுக்குரிய 254 என்ற எல்லையை முட்டி, மற்றவற்றை இலகுச் செருகிகளாக மாற்றி, அதற்காக ஒரு கருவி கற்று, அக்கருவிக்கு ஒரு கருவி நிறுவி அடைந்த முகம் ஓர் இரும்புச் சட்டிக்குள் போய்விடும். அதற்குள் அந்த முகம் அழகாகவே இருக்கும் என்பதில் நம்பிக்கையாளர்களுக்கு ஐயமில்லை.

இந்த இடத்தில் மாறுபட்ட ஒரு கருத்தையும் பதிவுசெய்வது கடமை. யாரும் பார்க்காத முகத்துக்கு இவ்வளவு உழைப்பு வீண் என்கிறார்கள் ஆட்டத்தை ஆடி முடித்தவர்கள். ஆடி முடித்தவர்களின் கூற்றை இத்துறை ஏற்பதில்லை. முகத்திரையைத் தாண்டியவருக்கு முகத்தைப் பற்றிப் பேச என்ன தகுதி? சங்க இலக்கியத்தில் தலைவி அணிந்த ஒரே ஒரு வளையலைப் பற்றி நானூறு பக்கம் எழுதியவர், அந்தப் பாட்டைக் கடைசி அடிவரை படித்திருக்க வேண்டும் என்று யாரும் கேட்டதுண்டா?

ஏழாம் நூற்பா

பொன்னா யிரம்பெறின் புதுமுகம் படுமே.

2012இல் வந்த டான்கார்ட் என்ற விரிவாக்கத்தில், ரிஃப்டன் நகரத்துச் சாக்கடைக்குள் இருக்கும் கள்ளர் விடுதியில் கலாதில் என்றொரு பெண் வந்து சேர்ந்தாள். ஆயிரம் பொற்காசு கொடுத்தால் முகத்தைத் திருத்தித் தருவாள். இனத்தை மாற்றமாட்டாள். இரத்தக்காட்டேரிகளைத் தொடமாட்டாள். மற்றபடி ஐந்து கோப்புறை வேண்டாம், பதிப்பெண் பொருத்தம் வேண்டாம், மாட்களை அடுக்கும் வரிசை வேண்டாம். இது இத்துறையின் அடிப்படையையே ஆட்டம் காணச்செய்யும் செய்தி என்பதால், இதுவரை வெளிவந்த ஆய்வுகளைப் போலவே இவ்வாய்வும் இதைக் கவனத்தில் கொள்ளவில்லை.

மேலாய்வுக்கு உரியவை: காஜித்தின் வால். ஆர்கோனியர் கொம்பும் ஐந்தாம் உரையாசிரியரும். இழுக்கும் பட்டையை எவ்வளவு இழுத்தாலும் மாறாத காது. கோடரிக்காரனின் முகம் (அவனுக்கு முகமூடி, எனவே எளிது).

பிழைதிருத்தம்: ‘கழுத்து’ என்று வரும் இடங்களில் எல்லாம் ‘கழுத்து’ என்றே படிக்க.